துரத்தாதீங்க, போய் நில்லுங்க: ஃபோர்ஸா ஹொரைசன் குழு ஆட்டங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நாங்கள் ஆறு பேர். பெரம்பூர், அம்பத்தூர், மயிலாப்பூர், வேளச்சேரி, தாம்பரம், திருவொற்றியூர் என்று ஊரின் ஆறு மூலையில் இருக்கிறோம். ஆறு பேரும் நேரில் ஒன்றாக உட்கார்ந்து டீ குடிப்பது வருஷத்துக்கு ரெண்டு தடவை நடந்தால் அதிகம். ஆனால் வியாழக்கிழமை ராத்திரி மட்டும் யாரும் தவறமாட்டோம். ஃபோர்ஸா ஹொரைசன் 5 என்ற கார் வீடியோ கேமில் கோடை, குளிர் என்று வாராவாரம் பருவம் மாறுவது நம்ம நேரம் வியாழன் இரவு எட்டு மணிக்கு. எட்டே காலுக்கெல்லாம் ஆறு ஹெட்போனும் காதில் ஏறிவிடும்.

எங்களோடு ஆட வரும் தம்பிமார், அலுவலக நண்பர்கள், ஒரு தடவை வேளச்சேரிக்காரரின் மாமனார் உட்பட, எல்லாரும் ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். திரும்பத் திரும்பச் சொல்லி வாய் வலித்ததால் எழுதி வைத்துவிட்டேன்.

இது கார் ரேஸ்தானே? குழு ஆட்டம் எங்கிருந்து வந்தது?

ஃபோர்ஸா ஹொரைசன் என்பது இங்கிலாந்தின் பிளேகிரவுண்ட் கேம்ஸ் நிறுவனம் செய்யும் திறந்தவெளி ரேஸிங் வரிசை. முதல் பாகம் 2012-இல் வந்தது, களம் அமெரிக்காவின் கொலராடோ. நான்காம் பாகம் 2018, பிரிட்டன். ஐந்தாம் பாகம் 2021, மெக்சிகோ. ஊர் முழுக்கச் சுற்றலாம், ரேஸ் ஓடலாம், சும்மா மலைமேல் ஏறிச் சூரியன் மறைவதைப் பார்க்கலாம்.

அதற்குள்ளேயே ‘பிளேகிரவுண்ட் கேம்ஸ்’ என்று நிறுவனத்தின் பெயரையே வைத்த சின்னச் சின்ன விளையாட்டுகளும் இருக்கின்றன. எல்லைகட்டிய ஒரு திடலுக்குள் கார்களை இறக்கிவிடுவார்கள். சுற்று, ஃபினிஷ் கோடு எதுவும் கிடையாது. ஆட்டங்கள் மூன்று வகை. ஃபிளாக் ரஷ்ஷில் ஒரு கொடியை எடுத்துப்போய்க் குறித்த இடத்தில் சேர்க்கவேண்டும், வழியில் எதிராளி மோதினால் கொடி கைமாறிவிடும். கிங்கில் கிரீடம் யாரிடம் இருக்கிறதோ அவர் கணக்கில் புள்ளி ஏறிக்கொண்டே இருக்கும், மோதினால் கிரீடம் பறிபோகும். இன்ஃபெக்டட்டில் தொற்று வந்தவர் மோதினால் உங்களுக்கும் தொற்றும், நீங்களும் துரத்தும் கூட்டத்தில் சேர்ந்துவிடுவீர்கள். இவற்றின் குழு வடிவங்கள்தான் டீம் ஃபிளாக் ரஷ், டீம் கிங், சர்வைவல்.

பள்ளிக்கூட மைதானத்தில் ஓடிப் பிடித்து ஆடியவர்களுக்கு இதில் எதுவும் புதிதில்லை. காலுக்குப் பதில் சக்கரம், அவ்வளவுதான்.

எதில் ஆடலாம்? சந்தா கட்டவேண்டுமா?

எக்ஸ்பாக்ஸ், பிசி இரண்டிலும் உண்டு. 2025 ஏப்ரல் முதல் பிளேஸ்டேஷன் 5-இலும் வந்துவிட்டது. மூன்றிலிருந்தும் ஒரே அணியில் சேரலாம். கன்சோல்களில் ஆன்லைன் ஆட்டத்துக்குச் சந்தா தேவை. பிசியில் விளையாட்டை வாங்கியிருந்தால் போதும். நூறு ஜிபிக்கு மேல் இடம் பிடிக்கும், மாதக் கடைசியில் டேட்டா தீரப்போகிற நாளில் டவுன்லோட் போடாதீர்கள். நான்காம் பாகத்தை 2024 டிசம்பரில் விற்பனையிலிருந்து எடுத்துவிட்டார்கள், முன்பே வாங்கியவர்கள் மட்டும் இன்னும் ஆடலாம்.

ரேஸில் நான் முதல் மூன்றுக்குள் வருகிறேன். இங்கே மட்டும் ஏன் மண்ணைக் கவ்வுகிறேன்?

ரேஸில் பழகிய கை முன்னால் போகிறவனைப் பிடிக்கத்தான் பார்க்கும். இந்த ஆட்டங்களில் தோற்க அதுவே போதும்.

சமமான வேகமுள்ள ரெண்டு கார், நேர் ரோடு, முன்னால் போகிறவன் ஐம்பது மீட்டர் தூரத்தில். நீங்கள் ராத்திரி முழுக்க ஓட்டினாலும் அந்த ஐம்பது மீட்டர் குறையாது. அவன் எங்கேயாவது திரும்பியாகவேண்டும், அல்லது நிற்கவேண்டும், அல்லது எதிலாவது முட்டவேண்டும். கொடி வைத்திருப்பவன் கடைசியில் சேர்க்குமிடத்துக்கு வந்தே தீரவேண்டும். அவன் எங்கே வருவான் என்பது தெரிந்திருக்கும்போது பின்னாலேயே ஓடுவானேன்?

கத்திப்பாராவில் ஓர் ஆட்டோவைத் துரத்திப் பார்த்திருக்கிறீர்களா? அந்தப் பாலத்தின் வளையங்களில் பின்னாலேயே போனால் ஜென்மத்துக்கும் பிடிக்கமுடியாது. அது கிண்டிப் பக்கம் இறங்குமா, வடபழனிப் பக்கம் இறங்குமா என்று பார்த்து அங்கே போய் நின்றால் தானாக வரும்.

எங்கள் அணி முதல் இரண்டு மாதம் தொடர்ந்து தோற்றது. ஆறு பேரும் கொடிக்காரனின் பின்னாலேயே கல்யாண ஊர்வலம் மாதிரி போவோம். ஒருவர் பிரேக் பிடித்தால் பின்னால் வருகிற நான்கு பேரும் அவர்மேல் ஏறுவோம். அம்பத்தூர்க்காரர்தான் ஒருநாள் கடுப்பாகி, “நான் வரலப்பா, இங்கேயே நிக்கிறேன்” என்று சேர்க்குமிடத்தின் வாசலில் வண்டியைக் குறுக்கே போட்டார். அந்தச் சுற்றை நாங்கள் ஜெயித்தோம். இதுவரை எங்களுக்குக் கிடைத்த ஒரே பெரிய உத்தி அவருடைய கடுப்பில் வந்ததுதான்.

கிளித்தட்டு ஆடியவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். மறிக்கிறவர் தன் கோட்டை விட்டு நகரமாட்டார், ஓடுகிறவன்தான் அவரைத் தாண்டியாகவேண்டும்.

சரி, ஃபிளாக் ரஷ்ஷில் ஆறு பேர் எப்படிப் பிரிந்து நிற்பது?

பலரும் ரெண்டு ரெண்டாகப் பிரிப்பார்கள்: ரெண்டு பேர் கொடிக்கு, ரெண்டு பேர் காவலுக்கு, ரெண்டு பேர் வாசலுக்கு. காகிதத்தில் அழகாக இருக்கும். களத்தில் கொடிக்குப் போன ரெண்டு பேரும் ஒருவரையொருவர் இடித்துக்கொள்வார்கள்.

நாங்கள் செய்வது வேறு. கொடியை எடுக்க ஒருவர்தான் போவார், யார் கிட்டத்தில் இருக்கிறாரோ அவர். அவருக்கு ஒரு நிழல் உண்டு. நிழலின் வேலை கூடவே ஓடுவது இல்லை. நாலைந்து கார் நீளம் பின்னால், கொஞ்சம் பக்கவாட்டில் வந்து, நெருங்கும் எதிராளியின் மூக்கைத் திருப்பிவிடுவது. மூன்று பேர் சேர்க்குமிடத்தைச் சுற்றி இருப்பார்கள். நம் கொடி வந்தால் வழிவிடுவார்கள், எதிரியின் கொடி வந்தால் கதவு மூடும். ஆறாவது ஆளுக்கு நிரந்தர வேலை கிடையாது. திடலின் நடுவில் மெதுவாகச் சுற்றிக்கொண்டிருப்பார்.

அந்த ஆறாவது ஆள்தான் ஆட்டத்தையே திருப்புகிறவர். ஒரு கொடி சேர்ந்தவுடன் அடுத்தது வேறோர் இடத்தில் முளைக்கும். எல்லாரும் பழைய இடத்தில் முட்டிக்கொண்டு கிடக்கும்போது நடுவில் இருப்பவருக்கு எந்த மூலையும் பக்கம். எங்கள் அணியில் இந்த வேலை மயிலாப்பூர் அண்ணனுடையது. ஐம்பது வயது, அவசரமே படமாட்டார், ரேஸில் எப்போதும் கடைசி. கொடிக் கணக்கில் அவர்தான் முதல்.

வாசலில் நிற்கும் மூவரும் ஒரே வரிசையில் நிற்கக்கூடாது. வரிசையாக நின்றால் ஒரே இடியில் மூவரும் சிதறுவார்கள். முன்னால் ஒருவர் அவனைத் திரும்ப வைக்கவேண்டும், பின்னால் இருக்கும் இருவர் அவன் எந்தப் பக்கம் திரும்பினாலும் அங்கே இருக்கவேண்டும். சடுகுடுவில் பாடி வருகிறவனை நடுவில் இருப்பவர் பயமுறுத்துவார், அவன் காலைப் பிடிப்பது ஓரத்தில் நிற்கிறவர். அதே கணக்குதான்.

கொடி என் கையில் வந்ததும் பதற்றமாகிவிடுகிறது. என்ன செய்ய?

முதல் ரெண்டு மூன்று விநாடி எங்கே போவது என்று யோசிக்காதீர்கள், கூட்டத்தை விட்டு வெளியே வாருங்கள். கைமாறிய உடனே, மோதினாலும் கொடி பறிபோகாத சின்னதொரு பாதுகாப்பு நேரம் கிடைக்கும், அதைத் திரும்புவதற்குச் செலவழிக்காமல் விலகுவதற்குச் செலவழியுங்கள்.

அப்புறம் நேர்வழியை மறந்துவிடுங்கள். சேர்க்குமிடத்துக்கு நேர்கோடு போட்டால் எதிரணிக்கும் அந்தக் கோடு தெரியும். மேடு, பாறை, சுவர் எதையாவது ஒரு பக்கம் ஒட்டியே ஓட்டுங்கள். ஒரு பக்கம் சுவர் என்றால் மோத வருகிறவனுக்கு இன்னொரு பக்கம்தான் மிச்சம். அதை உங்கள் நிழல் பார்த்துக்கொள்வார்.

வளைவில் பிரேக் பிடிப்பதைத் தள்ளிப்போடுங்கள், ஆனால் பிடியுங்கள். தடம் புரண்டு நின்ற காரிடமிருந்து கொடியை எடுக்கத் திறமையே வேண்டாம். ரேஸ் மாதிரி ரிவைண்ட் செய்து சரிபண்ணிக்கொள்ளவும் இங்கே வழி கிடையாது.

டீம் கிங்கில் கிரீடக்காரர் ஓடவேண்டுமா, ஒளியவேண்டுமா?

ஓடவேண்டும், ஆனால் வட்டமாக. கிரீடத்துக்குச் சேருமிடம் கிடையாது, நேரம்தான் புள்ளி. எனவே வாசல்காவல் இங்கே பலிக்காது. எங்களுக்குப் பலித்தது ஒரு பெரிய தடையை நடுவில் வைத்துச் சுற்றுவது. மேடோ கட்டடமோ போதும். துரத்துகிறவன் எந்தப் பக்கமாக வந்தாலும் நீங்கள் எதிர்ப்பக்கம். அவர்கள் ரெண்டு பேர் ரெண்டு பக்கமாகவும் வந்தால்தான் ஆபத்து. அப்போது உங்கள் ஆள் ஒருவர் ஒரு பக்கத்தை அடைக்கவேண்டும்.

மோதப்போகிறார்கள் என்று தெரிந்துவிட்டால் இன்னொன்று செய்யலாம்: நம் ஆட்கள் நெருக்கமாக இருக்கும் இடத்துக்கு ஓடிப்போய் அங்கே கிரீடத்தை இழப்பது. புதிதாகக் கிரீடம் எடுத்தவன் நம் நாலு பேர் நடுவில் மாட்டியிருப்பான். பாதுகாப்பு நேரம் முடிந்த மறுநொடி திரும்ப வாங்கிவிடலாம். கிரீடத்தை எங்கே விடுகிறோம் என்பதையும் நாமே முடிவுசெய்யலாம் என்று புரிய எங்களுக்கு ஆறு மாதம் ஆயிற்று.

இன்ஃபெக்டட்டில் ஒரு மூலையில் பதுங்கிக்கொண்டால் தப்பலாமா?

முதல் நிமிஷம் தப்பலாம். அதற்குப்பின் மூலை என்பது பொறி.

துரத்துகிறவர் ஒருவர் ரெண்டு பேராக இருக்கும்வரை கண்ணில் படாமல் இருப்பது லாபம். தொற்று பாதிப்பேரைத் தாண்டியதும் நிலைமை தலைகீழ். வெளியேற ஒரே வழியுள்ள இடத்தில் நின்றால் அந்த ஒரு வழியில் மூன்று கார் வரும். அப்போது திறந்த வெளியில்தான் இருக்கவேண்டும். எப்போதும் ரெண்டு வெளியேறும் வழி கண்ணில் தெரியவேண்டும், கார் நின்றுவிடக்கூடாது. முழு வேகம் வேண்டாம். பாதி வேகத்தில் இருந்தால்தான் எந்தப் பக்கமும் திரும்பலாம்.

இன்னொரு பிழை, நண்பர்கள் எல்லாரும் சேர்ந்தே ஓடுவது. துணைக்கு ஆள் இருந்தால் தைரியமாகத்தான் இருக்கும். ஆனால் துரத்துகிறவனுக்கு ஒரே கல்லில் மூன்று மாங்காய். பிரிந்து ஓடுங்கள். கொஞ்சம் கல்நெஞ்சு வேண்டும்: பெரம்பூர்க்காரர் மாட்டிக்கொண்டு “மச்சான், வாடா” என்று கத்துவார். போகக்கூடாது. போனால் அவரோடு நீங்களும் தொற்றாளி.

துரத்தும் பக்கம் இருந்தால் வேலை எளிது. எல்லாரும் ஒருவரையே குறிவையுங்கள். அவர் விழுந்ததும் அடுத்தவர். ஆறு பேர் ஆறு பேரைத் துரத்தினால் நேரம் முடிந்துபோகும். யாரைக் குறிவைப்பது? மிக மோசமாக ஓட்டுகிறவரை இல்லை, அவரை எப்போது வேண்டுமானாலும் பிடிக்கலாம். நன்றாக ஓட்டுகிறவரை, ஆட்கள் பலம் கூடிய பிறகு, நாலு பக்கமும் மூடிப் பிடிக்கவேண்டும். நடுவில் இருக்கிற சராசரி ஆட்களிடமிருந்துதான் தொடங்குவோம்.

எந்தக் கார் எடுப்பது?

இதற்கு மட்டும் ஒவ்வொருவருக்கும் ஒரு மதம். நான் என் மதத்தைச் சொல்கிறேன்.

ஹொரைசனில் கார்களின் திறனை எண்ணால் வகுப்பார்கள். ஐந்தாம் பாகத்தில் பி வகுப்பு 601 முதல் 700 வரை, ஏ வகுப்பு 701 முதல் 800 வரை, எஸ்1 என்றால் 801 முதல் 900 வரை. ஆட்டத்துக்கு வகுப்பு வரம்பு இருந்தால் அதற்குள் உச்சவேகத்துக்குப் பணம் போடாதீர்கள். திடலில் 300 கிலோமீட்டர் வேகத்தை எட்டுமளவுக்கு நேர்வழியே இருக்காது. நின்ற இடத்திலிருந்து கிளம்பும் வேகம், பிரேக், டயர், இந்த மூன்றுக்குத்தான் புள்ளிகளைச் செலவழிக்கவேண்டும். நாலு சக்கரத்துக்கும் சக்தி போகிற அமைப்பு, ரேலி டயர் அல்லது ஆஃப்ரோடு டயர், குட்டையான கியர் விகிதம். மண், புல், மணல் என்று எதில் இறங்கினாலும் கார் தடுமாறாமல் கிளம்பவேண்டும்.

கொடி தூக்குகிறவருக்கு ஏரியல் நோமேட் மாதிரி எடை குறைந்த, மேட்டில் குதித்தாலும் நேராக இறங்கும் வண்டி பொருந்தும். வாசல்காவலருக்குக் கனமான வண்டி. எங்கள் அம்பத்தூர்க்காரர் மெர்சிடிஸ் யூனிமாக் லாரியைக் குறுக்கே நிறுத்தினால் அது கார் இல்லை, சுங்கச்சாவடி. ஆனால் யூனிமாக்கை வைத்துக்கொண்டு யாரையும் துரத்திப் பிடிக்க நினைக்காதீர்கள். திரும்புவதற்குள் அடுத்த பருவம் வந்துவிடும்.

பீல் பி50 பற்றிக் கேட்காத ஆளில்லை. 1962-இல் மேன் தீவில் செய்யத் தொடங்கிய மூன்று சக்கரக் குட்டிக் கார், நீளம் சுமார் 137 சென்டிமீட்டர். நம்ம ஷேர் ஆட்டோவின் பின்சீட்டில் ஏற்றிவிடலாம் போலிருக்கும். சின்ன உடம்பு என்பதால் இன்ஃபெக்டட்டில் அதை இடிப்பது கஷ்டம் என்று ஒரு கட்சி. ஒரு வாரம் ஆடிப் பார்த்தேன். இடிப்பது கஷ்டம்தான். இடித்தால் திடலின் மறுகோடியில் போய் விழும். சிரிப்புக்கு எடுங்கள், ஜெயிப்பதற்கு வேண்டாம்.

ஆட்டோ கியரா, மேனுவலா?

ரேஸுக்கு மேனுவல், இங்கே ஆட்டோ. முட்டியவுடன் ரிவர்ஸ் எடுக்கவேண்டும். மேனுவலில் ஒவ்வொரு கியராக இறங்கி ரிவர்ஸுக்குப் போவதற்குள் கொடி போய்விடும். பெருமைக்காக மேனுவலில் ஆடுகிறவர் எங்கள் அணியிலும் ஒருவர் உண்டு. அவரை எதிரணிக்கு ரொம்பப் பிடிக்கும்.

கண்ணெதிரே மோதினேன், கொடி வரவில்லை. விளையாட்டு ஏமாற்றுகிறதா?

ஏமாற்றவில்லை. நீங்கள் மோதியது அவருடைய காரின் பழைய இடத்தில்.

எதிராளியின் கார் உங்கள் திரையில் தெரியும் இடத்துக்கும் அவர் உண்மையில் இருக்கும் இடத்துக்கும் இடையே, தகவல் வந்துசேரும் நேரம் இருக்கிறது. உதாரணத்துக்கு, எதிராளி சிங்கப்பூரில் இருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். சென்னையிலிருந்து சிங்கப்பூருக்குக் கடலடியில் கேபிள் போகிறது. இழைக்குள் ஒளி விநாடிக்குச் சுமார் இரண்டு லட்சம் கிலோமீட்டர் போகும். சிங்கப்பூர் இங்கிருந்து ஏறத்தாழ 2,900 கிலோமீட்டர். போய்வருவதற்கே குறைந்தது 29 மில்லிவிநாடி ஆகிவிடும். நடுவில் இருக்கும் கருவிகள், வீட்டு வைஃபை, எதிராளியின் பக்கத்துத் தாமதம் எல்லாம் சேர்ந்தால் நூறைத் தொடுவது சாதாரணம்.

நூறு மில்லிவிநாடி என்றால் என்ன பெரிசு என்று தோன்றும். மணிக்கு 144 கிலோமீட்டரில் போகும் கார் விநாடிக்கு 40 மீட்டர் நகரும். நூறு மில்லிவிநாடியில் 4 மீட்டர். கிட்டத்தட்ட ஒரு கார் நீளம். நீங்கள் வாலைக் குறிவைத்தால் அங்கே வெறும் காற்றுதான் இருக்கும்.

அதே கார் வளைவில் 36 கிலோமீட்டருக்கு இறங்கினால் அந்த நூறு மில்லிவிநாடியில் நகர்வது ஒரே மீட்டர். அதனால் அவன் மெதுவாகியே தீரவேண்டிய இடத்தில் மோதுங்கள்: வளைவு, குறுகல், மேட்டின் உச்சி, சேர்க்குமிடத்தின் வாசல். வேகமாகப் போகிறவனை மோதித்தான் ஆகவேண்டுமென்றால் ஒரு கார் நீளம் முன்னால் குறிவைத்துப் பக்கவாட்டில் வாருங்கள்.

வீட்டுப் பக்கம் செய்யவேண்டியது ரெண்டே ரெண்டு. ரவுட்டரிலிருந்து நேராக கேபிள் இழுங்கள். ரவுட்டருக்கென்று ஒரு சின்ன யுபிஎஸ் வையுங்கள். ஐப்பசி கார்த்திகை மழையில் கரண்ட் கண்சிமிட்டினாலே ரவுட்டர் திரும்ப எழ மூன்று நிமிஷம் எடுக்கும். என் வீட்டுக்கு இணைப்புக் கொடுத்தவர்கள் மழை வந்தால் தெருமுனைப் பெட்டியில் தண்ணீர் என்பார்கள், வெயில் வந்தால் எலி என்பார்கள். யுபிஎஸ் எலிக்கு மருந்தில்லை, மின்வெட்டுக்கு மட்டும் உதவும்.

ஆறு பேரும் ஒரே நேரத்தில் கத்துகிறோம். யார் பேசுவது?

கொடி அல்லது கிரீடம் வைத்திருப்பவர் ஒருவர், நடுவில் சுற்றும் ஆறாவது ஆள் ஒருவர். மற்றவர்கள் வாய் திறப்பது மோதியபின்தான். இந்தச் சட்டத்தைப் போட்டது எளிது, காப்பாற்றுவது கஷ்டம். திருவொற்றியூர்த் தம்பிக்கு வீட்டிலும் அதே குரல்தான். பக்கத்து அறையிலிருந்து அவன் அம்மா “மெதுவாப் பேசுடா” என்பது எங்கள் எல்லாருக்கும் கேட்கும்.

அதைவிடப் பெரிய தலைவலி திசை. “லெஃப்ட்ல வரான்” என்பார் ஒருவர். யாருடைய லெஃப்ட்? அவர் கார் தெற்கே பார்த்து நிற்கும், என் கார் கிழக்கே. வடக்கு தெற்கு சொல்லிப் பார்த்தோம், ஓட்டும் அவசரத்தில் பாதிப்பேருக்கு வடக்கே தெரியவில்லை.

கடைசியில் வழி சொன்னவர் தாம்பரம் அண்ணன். ஒவ்வொரு திடலிலும் ஆட்டம் தொடங்குமுன் கண்ணில் படும் இடங்களுக்கு நம்ம ஊர்ப் பெயர் வைத்துவிடுவது. திறந்த மணல் என்றால் மெரினா. மரக்கூட்டம் என்றால் கிண்டி. உயரமான மேடு என்றால் பரங்கிமலை. கண்டெய்னரோ இரும்புச்சாமானோ கிடந்தால் எண்ணூர். சுவர்களுக்கிடையே சந்து இருந்தால் சௌகார்பேட்டை. “பரங்கிமலைல இருந்து மெரினாவுக்கு இறங்குறான், ரெண்டு பேர் துணைக்கு” என்றால் ஆறு பேருக்கும் அந்த நொடியே புரியும். யாருடைய கார் எந்தப் பக்கம் பார்த்து நின்றாலும் பரங்கிமலை பரங்கிமலைதான். மெக்சிகோவில் கார் ஓட்டிக்கொண்டு எண்ணூர், கிண்டி என்று கத்துவதைக் கேட்ட என் மனைவி, நாங்கள் ரியல் எஸ்டேட் பேசுகிறோம் என்று நினைத்திருந்தாள்.

தெரியாதவர்களோடு அணி சேர்ந்தால்?

பேச முயலாதீர்கள், வாசலுக்குப் போய் நில்லுங்கள். தெரியாத ஐந்து பேரும் துரத்தத்தான் போவார்கள், யாரும் நிற்காத இடத்தில் நீங்கள் ஒருவர் நின்றாலே பாதி ஆட்டம் நம் பக்கம். கொடி தூக்கும் ஆசையை அன்றைக்கு விட்டுவிடவேண்டும்.

இப்படி இடிப்பது அழுகுணி ஆட்டம் இல்லையா?

இந்தத் திடலில் இடிப்பதுதான் விதி. அதே பழக்கத்தோடு ஆன்லைன் ரேஸுக்குள் போய் வளைவில் பக்கத்துக் காரை பிரேக்காகப் பயன்படுத்தினால் அழுகுணிதான். இன்ஃபெக்டட்டில் தோற்கப்போகிறோம் என்று தெரிந்ததும் நடுவில் வெளியேறுகிறவர்களை நாங்கள் திரும்பச் சேர்ப்பதில்லை. இடிக்கிறவர்களை மன்னிக்கிறோம்.

பத்து வயது மகன் ஆடலாமா?

ஐரோப்பாவின் வயதுத் தரத்தில் இதற்கு 3, அமெரிக்காவில் எல்லாருக்கும் என்ற தரம். ரத்தம், துப்பாக்கி கிடையாது. ஆனால் ஆன்லைனில் முகம் தெரியாதவர் பேச்சுக்குத் தரம் போட ஆளில்லை. வாய்ஸ் சாட்டை அணைத்துவிட்டுக் கொடுங்கள். சித்தப்பா, பெரியப்பா பிள்ளைகளோடு மட்டும் கான்வாய் (ஆட்டத்துக்குள் நண்பர்கள் சேரும் குழு) சேர்ந்து ஆடினால் இன்னும் நல்லது.

இதில் தேறினால் நிஜ ரேஸுக்குப் போகலாமா?

இதில் தேறினால் இடிக்கத்தான் வரும். நிஜ ரேஸ் பார்க்க இருங்காட்டுக்கோட்டை ரேஸ் தடம் இருக்கிறது. 2024 ஆகஸ்ட் கடைசியில் தீவுத்திடலைச் சுற்றி 3.5 கிலோமீட்டர் தெருவில் ஃபார்முலா 4 இரவு ரேஸே ஓடினார்கள். அங்கே ஒருவரும் யூனிமாக்கைக் குறுக்கே போடவில்லை. ஈசிஆரில் ராத்திரி முயற்சிசெய்து பார்க்கலாமா என்று ஒரு தம்பி கேட்டான். அன்றே கான்வாயிலிருந்து நீக்கினோம்.

பருவம் மாறினால் உத்தியும் மாறுமா?

கொஞ்சம். ஐந்தாம் பாகத்தில் கோடை என்பது மழைப்பருவம், குளிர்காலம் வறண்ட பருவம். நம்ம சித்திரை வெயிலில் உட்கார்ந்து ஆடுகிறவர்களுக்குக் குழப்பமாக இருக்கும். ஈரத்தில் பிரேக் தூரம் நீளும். வாசல்காவலர் வழக்கத்தைவிட முன்னால் நிற்கவேண்டும், ஏனென்றால் வருகிறவன் நினைத்தாலும் நிற்கமாட்டான். நான்காம் பாகத்தில் குளிர்காலத்தில் ஏரியே உறைந்து ஓட்டும் தரையாகும். பனியில் துரத்துவது எவ்வளவு வீண்வேலை என்பதற்கு அதைவிட நல்ல வகுப்பு இல்லை.

பழகுவதற்கு ஏதாவது பயிற்சி உண்டா?

ஒன்று உண்டு, ஆட்டத்துக்குள் போகாமலே செய்யலாம். ரெண்டு பேர் கான்வாய் சேர்ந்து குவானஹுவாட்டோ ஊருக்குள் போங்கள். ஐந்தாம் பாகத்தில் இருக்கும் உண்மையான மெக்சிகோ நகரம் அது. சுரங்கப்பாதையும் சந்துபொந்துமாக, மிண்ட் தெருவை மலைமேல் ஏற்றிவைத்த மாதிரி இருக்கும். ஒருவர் ஓடவேண்டும். மற்றவர் அவர் பின்னால் போகவே கூடாது, பக்கத்துத் தெருவில்தான் ஓட்டவேண்டும். அடுத்த சந்திப்பில் அவருக்கு முன்னால் வந்து நின்றால் ஒரு புள்ளி. பத்து நிமிஷம் ஆடி, ஆள் மாறுங்கள்.

முதல் நாள் எனக்குப் பூஜ்யம். மயிலாப்பூர் அண்ணனுக்கு ஏழு. எப்படி என்று கேட்டேன். முப்பது வருஷமாக மாடவீதியில் ஸ்கூட்டர் ஓட்டுகிறாராம், அறுபத்துமூவர் அன்றைக்கும்.